ஒன்பது நாள் இடைவெளி

அத்தியாயம் 14

என் மனைவியின் பதினோரு வருட உழைப்பை, முப்பது ரூபாய் செலவில், வியாழக்கிழமை காலை எட்டே முக்கால் மணிக்கு நானே கறுப்பாக்கினேன்.

கெட்ட எண்ணம் எதுவுமில்லை. ஒரு தாளை லேமினேட் செய்யக் கொடுத்தேன், அவ்வளவுதான்.

கச்சேரி ரோட்டில் சைஃபின் ஜெராக்ஸ் கடையில் அந்தத் தாள் இயந்திரத்துக்குள் போகும்போது பழுப்பாகத்தான் போனது. மறுபக்கம் வெளியே வந்தபோது தோசைக்கல்லாக இருந்தது. பளபளப்பான, தண்ணீர் புகாத, நூறு வருடம் கெடாத கறுப்பு.

"இன்னா பேப்பர் பாய் இது?" சைஃப் அதை இரண்டு விரலால் தூக்கிப் பார்த்தான். "உள்ள போச்சொல்ல நல்லா இருந்துச்சு. வெளிய வரச்சொல்ல அடுப்புக்கரி மாதிரி வந்துகீது."

"ஃபேக்ஸ்."

"ஃபேக்ஸா? சூடு பட்டா கறுத்துரும் பாய் அது. முன்னாடியே சொல்லக்கூடாதா?"

"முன்னாடியே கேக்கக்கூடாதா?"

"சரி, முப்பது ரூவா குடு. கறுத்தாலும் லேமினேசன் சூப்பரா வந்துகீது பாரு. ஒரு குமிழ் கீதா?"

இல்லை. ஒரு குமிழ்கூட இல்லை.

சென்ற வாரம் வரை எங்கள் வீட்டுக் கதையைத் தொடர்ந்தவர்களுக்கு அந்தத் தாள் என்னவென்று தெரியும். இந்நேரம் தலையில் அடித்துக்கொண்டிருப்பார்கள். புதிதாக வருபவர்களும் சேர்ந்து அடித்துக்கொள்ள வசதியாகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்.

நான் மெஹபூப் அலி. சோபா ரிப்பேர். கச்சேரி ரோட்டுக்குப் பின்னால் ஒரு சந்தில் கடை, கடைக்கு மேலே வீடு. என் மனைவி ஜஹனாரா அடையாறில் ஓர் அரசு நிறுவனத்தின் வட்டார அலுவலகத்தில் பதிவறை எழுத்தர். பழைய காகிதங்கள் படுத்துறங்கும் அறைக்கு அவள்தான் காவல். 1999 பிப்ரவரியில் தினக்கூலியாகச் சேர்ந்தாள். 2010-ல்தான் பணிவரன்முறை செய்து நிரந்தரமாக்கினார்கள். நடுவில் இருந்த பதினோரு வருடம் எந்தக் கணக்கிலும் இல்லை. சம்பளத்தை நேற்று வந்தவளுக்குப் போடுவதுபோலப் போட்டார்கள். கோப்பைக் கட்டுவதற்கு முடிச்சுப் போட அவளிடம் கற்றுக்கொண்ட ஸ்ரீரங்கன், இன்று அவளுக்குக் கண்காணிப்பாளர். நல்ல பையன்தான். அவளைத் திட்டும்போதுகூட "அம்மா" என்று ஆரம்பித்துத்தான் திட்டுவான்.

இரண்டு வாரத்துக்கு முன்னால் பணிமூப்புப் பட்டியலை அறிவிப்புப் பலகையில் ஒட்டினார்கள். ஜஹனாரா முப்பத்தொன்றாவது. 1999-ஐக் கணக்கில் எடுத்தால் ஆறாவது. ஆறாவது என்றால் இந்த வருடமே உதவியாளராகப் பதவி உயர்வு, அதற்கேற்ற சம்பளம். அடுத்த வருடம் ஓய்வு பெறும்போது எல்லாவற்றையும் அந்தச் சம்பளத்தை வைத்துத்தான் போடுவார்கள். முப்பத்தொன்றாவது என்றால் ஒரு சந்தன மாலை, ஒரு சுவர்க்கடிகாரம்.

ஆட்சேபணை கொடுக்கப் பதினைந்து நாள் அவகாசம். பதினைந்தாவது நாள்தான் இந்த வியாழக்கிழமை. மாலை ஐந்தே முக்கால் வரை.

அவள் 1999-ல் சேர்ந்தாள் என்பதற்குக் கையில் இருந்த ஒரே சாட்சி, தலைமை அலுவலகத்திலிருந்து வந்த அந்த ஃபேக்ஸ். அலுவலகத்தில் இருந்த பிரதி 2015 வெள்ளத்தில் போய்விட்டது. தினக்கூலிக்காரர்களின் கோப்புகள் தரைத்தளத்தில் இருந்தன. நிரந்தரமானவர்களின் பணிப்பதிவேடுகள் மாடியில். வெள்ளத்துக்கும் பணிமூப்பு தெரிந்திருக்கிறது.

ஜெராக்ஸ் எடுக்கவில்லையா என்று கேட்பீர்கள். எடுத்தோம். எழுத்து அவ்வளவு மங்கியிருந்ததால், முத்திரையின் நிழல் மட்டும் விழுந்தது. ஃபோனில் படமும் எடுத்தேன். அதில் என் கட்டைவிரல் மிகத் தெளிவாக வந்திருக்கிறது.

நாளுக்கு நாள் மங்குகிறதே என்ற கவலையில்தான் அன்று காலை சொன்னேன். "ஜஹனா, மனுவோட வெக்கிறதுக்கு முன்னாடி இதை லேமினேட் பண்ணிடறேன். அப்புறம் யாரும் அசைக்க முடியாது."

அவள் டிபன் பாக்ஸை மூடிக்கொண்டிருந்தாள். மூடி சரியாக உட்காரவில்லை. இரண்டு தரம் அழுத்தினாள். பிறகு என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"சரி" என்றாள்.

முப்பத்திரண்டு வருடக் குடித்தனத்தில் நான் ஒரு யோசனை சொல்லி அவள் ஒரே வார்த்தையில் ஒப்புக்கொண்டது அதுதான் முதல் தடவை. அந்தச் சந்தோஷத்தில் படியை இரண்டிரண்டாக இறங்கினேன். அறுபத்திரண்டு வயதில் முழங்கால் அதற்குத் தனியாகப் பில் போட்டது.

*

லஸ் பஸ் ஸ்டாப்பை மெட்ரோ வேலைக்காக எங்கோ தள்ளி வைத்திருந்தார்கள். தகரத் தடுப்புக்குப் பக்கத்தில், புழுதியில், முந்தானையால் மூக்கை மூடிக்கொண்டு நின்றிருந்தாள் ஜஹனாரா. நான் கறுப்புத் தாளை நீட்டினேன். வழியில் நாலைந்து வசனம் தயார் செய்திருந்தேன். எல்லாவற்றையும் விட்டுவிட்டு "கறுத்துடுச்சு" என்றேன்.

அவள் அதை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். அதில் அவள் முகம் தெரிந்திருக்க வேண்டும். நெற்றி முடியை ஒதுக்கிக்கொண்டாள்.

"சரி, விடுங்க."

"விடவா? திட்ட மாட்டியா?"

"பஸ் வருது."

"கோபமா இருக்கியா, இல்லையா? அதை மட்டும் சொல்லு."

"சாயங்காலம் வரும்போது பால் வாங்கிட்டு வாங்க. காலையில இருந்ததுல பாதி பொங்கிடுச்சு."

29சி-யில் ஏறிப் போய்விட்டாள். தாள் என் கையிலேயே இருந்தது.

எங்கள் வீட்டில் நேரான பதில் கிடைப்பது ரேஷன் கடையில் துவரம் பருப்பு கிடைப்பதுபோல. சாப்பாடு ஆச்சா என்று கேட்டால் "மணி என்ன?" என்பாள். தலைவலியா என்று கேட்டால் "ஆஃப்ரீன் ஃபோன் பண்ணாளா?" என்பாள். பழகிவிட்டது. ஆனால் திட்ட வேண்டிய நேரத்தில் திட்டாத மனைவியோடு எப்படிக் குடித்தனம் நடத்துவது என்று எனக்கு யாரும் சொல்லித்தரவில்லை.

பாலவாக்கத்திலிருந்து மகள் ஆஃப்ரீன் ஃபோன் செய்தாள். ஆட்சேபணை மனுவை நான்கு நாள் உட்கார்ந்து டைப் அடித்துக் கொடுத்தவள் அவள்தான்.

"அப்பா, அம்மி மனுவைக் கொடுத்துட்டாங்களா?"

"கொடுப்பா."

"ஃபேக்ஸை பத்திரமா வெச்சிருக்கீங்களா?"

"இனிமே அதுக்கு ஒண்ணும் ஆகாது" என்றேன். பொய் இல்லை.

*

கடையில் கோபாலபுரத்து சோபா ஒன்று தோலுரித்துக் கிடந்தது. அதை அப்படியே விட்டுவிட்டு, ஷட்டரை இறக்கி, பிற்பகல் இரண்டு மணிக்கு அடையாறு போனேன். ஜஹனாராவுக்குத் தெரியாமல்தான். பதிவறைப் பக்கம் போகாமல், செருப்பைக் கையில் எடுக்காத குறையாக மாடிக்கு ஏறி, பணியமைப்புப் பிரிவில் கருணாகரன் முன்னால் உட்கார்ந்தேன். பட்டியல் தயாரித்த எழுத்தர் அவர்தான். சின்ன வயது, பெரிய கண்ணாடி.

அவர் கறுப்புத் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். எந்தப் பக்கம் முன்பக்கம் என்பதில் அவருக்குச் சந்தேகம் இருந்தது.

"ஃபேக்ஸ் பேப்பரையா சார் லேமினேட் பண்ணீங்க? அதுக்குச் சூடே காட்டக்கூடாதே. நான் புதுசா வந்தப்ப ஒண்ணை ஜன்னலோரமா வெச்சுட்டேன்னு உங்க மேடம்தான் என்னைப் புடிச்சுத் திட்டினாங்க. 'வெயில் பட்டாலே கறுக்கும், தம்பி'ன்னு."

"ஊருக்கெல்லாம் சொல்லிக்கொடுத்தா, வீட்டுக்காரனுக்கு மட்டும் சொல்லல" என்றேன். அவர் சிரித்தார். நானும் சிரித்தேன். சிரித்ததோடு அதை மறந்தும் போனேன்.

"இதை வெச்சு ஏதாவது பண்ண முடியுமா?"

"பாக்கலாம் சார்."

"பாக்கலாம்னா முடியும்னு அர்த்தமா?"

"முடியும்னு நான் சொல்லலியே."

"அப்ப முடியாது."

"முடியாதுன்னும் சொல்லலியே சார்."

மாடியிலும் எங்கள் வீடுதான் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

கருணாகரன் நாற்காலியை முன்னால் இழுத்துக் குரலைத் தாழ்த்தினார். "ஒரே ஃபேக்ஸ்ல ரெண்டு பேர்தானே சார்? உங்க தங்கச்சி ஜைதூன் மேடம்கிட்ட அன்னிக்கே அட்டெஸ்ட் பண்ணின காப்பி இருந்தா அது போதும். ஆனா அவங்க இன்னிக்கு லீவு. அப்புறம் இன்னொண்ணு. அந்த எண்பத்தொம்பது நாள் பிரேக்கெல்லாம் எல்லாருக்கும் உண்டு, அதை யாரும் பெருசா எடுத்துக்க மாட்டாங்க. அதுக்கு மேல மேடத்துக்குக் கேப் எதுவும் இல்லையே?"

தினக்கூலிக்காரர்கள் தொடர்ந்து தொண்ணூறு நாள் வேலை பார்த்ததாகக் கணக்கு வந்துவிட்டால் அவர்களுக்கு உரிமை வந்துவிடுமாம். அதனால் எண்பத்தொன்பதாம் நாள் ஒரு கடிதம் எழுதி வாங்குவார்கள்: 'சொந்தக் காரணங்களால் வேலையிலிருந்து நின்றுகொள்கிறேன்.' ஒரு நாள் விட்டு, அடுத்த நாள் இன்னொரு கடிதம்: 'வேலை தரும்படி வேண்டுகிறேன்.' இரண்டு கடிதத்தையும் ஜஹனாரா ஒரே நேரத்தில் எழுதி வைத்துவிடுவாள். நடுவில் வரும் அந்த ஒரு நாளும் போவாள்; கையெழுத்து மட்டும் போட மாட்டாள்.

"கேப்பா?" என்றேன். "காய்ச்சலோட போனவ சார் அவ. ஒரு நாள் இடைவெளி கிடையாது."

"அப்ப சரி. பாக்கலாம்."

*

ஜைதூன் பீ என் தங்கை. ஃபேக்ஸில் முதல் பெயர் ஜஹனாரா, இரண்டாவது பெயர் ஜைதூன் பீ. நாத்தனாரும் அண்ணியும் ஒரே நாளில், ஒரே பஸ்ஸில் போய் வேலைக்குச் சேர்ந்தவர்கள். ஆனால் 2004-ல் ஒரு இடம் காலியானபோது நிரந்தரமானது இரண்டாவது பெயர். முதல் பெயர் இன்னும் ஆறு வருடம் காத்திருந்தது.

ஏன் என்று அப்போதே ஜஹனாராவைக் கேட்டேன். "அவங்க பாத்துப் போட்டாங்க" என்றாள். அவங்க என்றால் யார்? அன்றைய கண்காணிப்பாளர் ஜெயராம். வேறு யாரும் எனக்குத் தெரியாததால் இருபது வருடமாக அவரைத்தான் சபித்துக்கொண்டிருக்கிறேன். ஒரு தடவை அவருடைய சோபாவே ரிப்பேருக்கு என் கடைக்கு வந்தது. வேலையெல்லாம் சுத்தமாக முடித்து, அவர் வழக்கமாக உட்காரும் பக்கத்தில் ஒரே ஒரு ஸ்பிரிங்கை மட்டும் கொஞ்சம் நிமிர்த்தி வைத்து அனுப்பினேன். என் அறிவுக்கு எட்டிய நீதி அவ்வளவுதான்.

ஜைதூன் வீடு ராஜா அண்ணாமலைபுரத்தில். ஆட்டோ பிடித்தேன்.

"நேரா போவ முடியாது நைனா" என்றார் ஆட்டோக்காரர். "தோண்டிக்கினு கெடக்கானுங்க. சுத்திக்கினுதான் போவணும்."

"சுத்துங்க. எனக்கு அது பழக்கம்தான்."

இரண்டாவது மாடி. லிஃப்ட் இல்லை. நான் பெல் அடிப்பதற்கு முன்பே கதவு திறந்தது.

"வாங்க பாய்ஜான். சாப்டீங்களா?"

"லீவா ஜைதூன்? உடம்புக்கு ஒண்ணுமில்லையே?"

"தால்ச்சா சூடா இருக்கு. உக்காருங்க."

சொன்னேனே, எங்கள் குடும்பமே இப்படித்தான். சாப்பிட்டேன். சாப்பிடும்போது அவள் மகன் சஃப்வானுக்கு வந்திருக்கும் வரனைப் பற்றிச் சொன்னாள், தண்ணீர் லாரி மூன்று நாளாக வராததைப் பற்றிச் சொன்னாள், கீழ்வீட்டு நாயைப் பற்றிச் சொன்னாள். தட்டை எடுக்க வந்தபோது கறுப்புத் தாளை மேசையில் வைத்தேன்.

"என்ன இது?"

"நம்ம ரெண்டு வீட்டுச் சோறு. நான் லேமினேட் பண்ணினேன்."

புரிய அவளுக்குக் கொஞ்ச நேரம் ஆனது. புரிந்ததும் சிரித்தாள். சிரிப்பு அவளை மீறிப் போய், நாற்காலியில் உட்காரும்படி ஆனது. துப்பட்டாவால் கண்ணைத் துடைத்தாள். துடைத்துக்கொண்டே இருந்தாள். அது சிரிப்பு இல்லை என்று எனக்குத் தாமதமாகத்தான் தெரிந்தது.

"பாபி என்ன சொன்னாங்க?" அண்ணியை அவள் அப்படித்தான் கூப்பிடுவாள்.

"பால் வாங்கிட்டு வரச் சொன்னா."

"வேற?"

"வேற ஒண்ணும் சொல்லல. ஜைதூன், உன்கிட்ட காப்பி இருக்கா? இருக்கு, இல்லை, ரெண்டுல ஒண்ணு சொல்லு. தால்ச்சா வேண்டாம்."

அவள் எழுந்து உள்ளே போனாள். பீரோ திறக்கும் சத்தம் கேட்டது. மூடும் சத்தம் கேட்கவில்லை. திரும்பி வந்தபோது கையில் ஒரு பிளாஸ்டிக் கவர் இருந்தது. அதற்குள், பச்சை மையில் கையெழுத்தும் வட்ட முத்திரையுமாக, பளிச்சென்று ஒரு ஜெராக்ஸ். ஒன்று, ஜஹனாரா. இரண்டு, ஜைதூன் பீ.

"அல்ஹம்துலில்லாஹ்" என்று கையை நீட்டினேன்.

அவள் கொடுக்கவில்லை. மடியில் வைத்துக்கொண்டாள்.

"ரெண்டாயிரத்து நாலுல எனக்கு எப்படி வேலை நிரந்தரமாச்சுன்னு தெரியுமா, பாய்ஜான்?"

"ஜெயராம் பாத்துப் போட்டாரு."

"ஜெயராம் சார் பாவம். அவர் பாபியைத்தான் போடணும்னு எழுதி வெச்சிருந்தாரு."

ஸ்பிரிங் என் ஞாபகத்துக்கு வந்தது.

அந்த வருடம் ஜைதூனின் கணவர் ஹபீபுர் ரஹ்மானுக்கு இரண்டு கிட்னியும் போயிருந்தது. வாரத்துக்கு இரண்டு டயாலிசிஸ். சஃப்வானுக்கு இரண்டு வயது. இதெல்லாம் எனக்கும் தெரியும். எனக்குத் தெரியாதது அதற்குப் பிறகு.

"இடம் காலி ஆன வாரம்தான் எங்களுக்கு எண்பத்தொம்பதாவது நாள் வந்துச்சு. ரெண்டு பேரும் நிக்கிற லெட்டர் எழுதிக் கொடுத்தோம். ஒரு நாள் விட்டு நான் திரும்பச் சேர்ற லெட்டர் கொடுத்தேன். பாபி கொடுக்கல."

"கொடுக்காம?"

"'இனி நான் வரலை, அடுத்த பேருக்குக் கொடுக்க எனக்கு ஆட்சேபணை இல்லை'ன்னு எழுதிக் கொடுத்துட்டாங்க. என் ஆர்டர் வந்து நான் கையெழுத்துப் போடற வரைக்கும் ஆபீஸ் பக்கமே வரல. ஒம்பது நாள். அப்புறம்தான் திரும்ப வேலை கேட்டு எழுதினாங்க. தினக்கூலியா."

"என்னால நம்ப முடியல. தினமும் டிபன் பாக்ஸ் எடுத்துக்கிட்டுப் போனாளே!"

"இங்கதான் வந்தாங்க. இவருக்குக் கஞ்சி வெச்சு, சஃப்வானைக் குளிப்பாட்டி, நான் ஆபீஸ்லேர்ந்து வர்ற வரைக்கும் இருந்துட்டு, அந்த டிபனை இங்கேயே சாப்பிட்டுட்டு, வழக்கமான பஸ்ல உங்க வீட்டுக்குப் போனாங்க. உங்ககிட்ட சொல்லக்கூடாதுன்னு என்கிட்ட சத்தியம் வாங்கிட்டாங்க. 'உங்க பாய்ஜான் எதையும் வயித்துல வெச்சுக்க மாட்டார், மாவு மில்லு வரைக்கும் சொல்லிடுவாரு'ன்னாங்க."

அது சரிதான். இப்போது பத்திரிகை வரைக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறேன்.

"அந்த லெட்டர் வெள்ளத்துல போயிருக்குமே" என்றேன்.

"போகல. அது என் பணிப்பதிவேட்டுல ஒட்டியிருக்கு, மொதல் பக்கத்துல. அது மாடியில இருந்துச்சு." ஜைதூன் கவரை ஒரு தரம் நீவிவிட்டாள். "பாபி இன்னிக்கு ஆட்சேபணை கொடுத்தா அந்த ஒம்பது நாள் என்ன ஆச்சுன்னு கேப்பாங்க. அதுக்கு என் புத்தகத்தைத் திறப்பாங்க. நாத்தனாரும் அண்ணியும் வேலையைப் பங்கு போட்டுக்கிட்டீங்களான்னு கேப்பாங்க. எனக்கு இன்னும் ஏழே மாசம். விசாரணைன்னு ஒரு காகிதம் போட்டாலே போதும், என் ரிடையர்மென்ட் பேப்பர் அப்படியே நின்னுடும். சஃப்வான் கல்யாணத்துக்கு நான் அதைத்தான் நம்பியிருக்கேன்."

கீழ்வீட்டு நாய் குரைத்தது. நான் ஒரு ஜோக் தேடினேன். என்னிடம் எப்போதும் ஒன்று இருக்கும். அன்று இல்லை.

"லீவு போட்டது எதுக்கு?" என்று கேட்டேன்.

"யாராவது கேட்டு வருவீங்கன்னு தெரியும். கேட்டு வந்தா கொடுத்துடணும்னு இருந்தேன். வராம இருந்தா நிம்மதின்னும் இருந்தேன். அல்லாஹ் மேல ஆணையா ரெண்டும்தான்." கவரை என் கையில் வைத்தாள். "பாபிகிட்ட கொடுங்க. என்ன பண்ணணும்னு அவங்க சொல்லட்டும். இருபது வருஷமா அந்த ஒம்பது நாளைப் பத்தி ஒரு வார்த்தை அவங்க வாயில வந்ததில்ல. இன்னிக்கு ஒரு தடவை அவங்களுக்காகவும் அவங்க கேக்கலாம். நான் தப்பா நினைக்க மாட்டேன்னு சொல்லுங்க."

கதவு வரைக்கும் கூடவே வந்தவள் கேட்டாள். "பால் வாங்கணும்னு சொன்னீங்களே, இங்கேர்ந்து எடுத்துட்டுப் போறீங்களா?"

*

திரும்பும் வழியிலும் ஆட்டோ சுற்றிக்கொண்டுதான் போனது. மடியில் இரண்டு தாள்கள். ஒன்று வெள்ளை, ஒன்று கறுப்பு. வெள்ளையை வைத்தால் தங்கை கவிழ்வாள். கறுப்பை வைத்தால் மனைவி கவிழ்ந்தது கவிழ்ந்ததுதான். வாழ்நாள் முழுக்க அடுத்தவர்கள் உட்காருவதற்கு மெத்தை தைத்தவன் நான். இந்த இரண்டு பெண்களும் எதன்மேல் உட்கார்ந்திருந்தார்கள் என்று எனக்குத் தெரியவே இல்லை.

ஒன்பது நாள். அந்த ஒன்பது நாளும் சாயங்காலம் அவள் வீட்டுக்கு வந்ததும் "ஆபீஸ்ல என்ன விசேஷம்?" என்று கேட்டிருப்பேன். "மணி என்ன?" என்றிருப்பாள்.

பாலத்து சிக்னலில் ஆட்டோ நின்றபோது, மத்தியானம் சிரித்து மறந்த ஒரு வார்த்தை திரும்பி வந்தது. கருணாகரன் சொன்னது. *வெயில் பட்டாலே கறுக்கும், தம்பி.*

சொன்னது யார்? பதிவறை எழுத்தர். எத்தனை வருடமாக? கால் நூற்றாண்டாக.

டிபன் பாக்ஸ் மூடி. இரண்டு தரம் அழுத்தினாள். "சரி" என்றாள்.

"இன்னா நைனா, வண்டி நவுந்துச்சு, நீ அப்டியே குந்திகினு கீறே. எறங்கணுமா?"

"இல்ல, போங்க. கொஞ்சம் சீக்கிரம் போங்க."

*

அலுவலக வாசலுக்குப் போய்ச் சேர்ந்தபோது மணி ஐந்து பதினெட்டு. சைக்கிள் ஸ்டாண்டுக்குப் பக்கத்துச் சிமெண்ட் பெஞ்சில் ஜஹனாரா உட்கார்ந்திருந்தாள். பையும் டிபன் பாக்ஸும் பக்கத்தில். மடியில் ஆஃப்ரீன் டைப் அடித்த மனு. நான்கு பக்கம். கடைசிப் பக்கத்தில் கையெழுத்துப் போடும் இடம் காலியாக இருந்தது. பேனா மூடி திறந்திருந்தது.

பக்கத்தில் உட்கார்ந்தேன். பெஞ்ச் இன்னும் சூடாக இருந்தது. உள்ளே போய் வெளியே வந்த ஸ்ரீரங்கன், "அம்மா, தபால் பிரிவு இன்னும் அரை மணிதான் இருக்கும்" என்று சொல்லிவிட்டுப் போனான்.

"பால் வாங்கினீங்களா?" என்றாள்.

"ஜைதூன் கொடுத்தா."

அவள் திரும்பி என்னைப் பார்த்தாள். ஜைதூன் என்ற பெயர் அவள் மனதில் எங்கெங்கே போய்வந்தது என்று தெரியவில்லை. அவள் கண்ணுக்குக் கீழே எப்போதும் இருக்கிற கருவளையம் இன்னும் கொஞ்சம் கீழே இறங்கின மாதிரி இருந்தது.

"சாப்டீங்களா?"

"தால்ச்சா."

"நல்லா இருந்துச்சா?"

"ஒம்பது நாளும் நீ டிபன்தான் சாப்பிட்டியாமே. தால்ச்சா கொடுக்கலையா அவ?"

அவள் பேனாவின் மூடியைத் தேடினாள். பெஞ்சுக்குக் கீழே விழுந்திருந்தது. நான் குனிந்து எடுத்தேன். முழங்கால் முனகியது. கொடுத்தேன். வாங்கினாளே தவிர, பேனாவை மூடவில்லை.

சட்டைப் பையில் ஜைதூனின் கவர் உறுத்தியது. அதை எடுத்துவிட்டால் பேச்சு அதைப் பற்றியதாகிவிடும். மனு, மணி, தபால் பிரிவு, ஏழு மாசம், முப்பத்தொன்று, ஆறு. அதற்கு முன்னால் எனக்கு ஒன்று தெரிய வேண்டியிருந்தது. காலையிலிருந்து எல்லோரிடமும் ஏதேதோ கேட்டுவிட்டேன். கேட்க வேண்டிய ஆளிடம் கேட்க வேண்டியதைக் கேட்கவில்லை.

"ஜஹனா, ஒரே ஒரு கேள்வி. மணி கேக்கக்கூடாது. பால் கேக்கக்கூடாது. ஆஃப்ரீன் ஃபோன் பண்ணாளான்னு கேக்கக்கூடாது."

"கேளுங்க."

"காலையில நான் அதை லேமினேட் பண்ணப் போறேன்னு சொன்னப்ப, அது கறுத்துடும்னு உனக்குத் தெரியுமா?"

வாசலில் ஒரு பஸ் வந்து நின்று, போனது. அவள் பஸ்ஸைப் பார்க்கவில்லை.

"தெரியும்" என்றாள். "உங்களைக் கூப்பிட்டு நிறுத்தணும்னு படி வரைக்கும் வந்தேன். நிறுத்தல."